தம்ப்டிரைவில் வந்த டிஎல்எல்லை நம்பலாமா?

சிங்கப்பூர் தேக்கா பக்கம் மளிகைக் கடை வைத்திருக்கும் வாசகரின் கேள்வி இது. பழைய பில்லிங் மென்பொருளைப் புதிய விண்டோஸ் 11 கணினியில் போட்டதும் 'எம்எஸ்விசிஆர்100.டிஎல்எல் இல்லை' என்று வந்ததாம். டிஎல்எல் என்பது மென்பொருள் ஓடத் தேவைப்படும் துணை ஃபைல். பழுதுபார்ப்பவர் ஒருவர் அந்த ஃபைலை தம்ப்டிரைவில் கொண்டுவந்து போட்டுவிட்டு ஐம்பது வெள்ளி வாங்கிப் போயிருக்கிறார். அது அசலா?

ஃபைலின் மேல் ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸில் 'டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்' பகுதியைத் திறங்கள். ஃபைலை வெளியிட்டது யார், பிறகு யாராவது மாற்றினார்களா என்று காட்டும் கையொப்பம் அங்கே இருக்கும். மைக்ரோசாஃப்ட் பெயர் தெரிந்தால் மட்டும் போதாது, அதைத் தேர்ந்தெடுத்து 'டீட்டெய்ல்ஸ்' அழுத்தினால் கையொப்பம் சரியா இல்லையா என்று சொல்லும். பக்கத்திலேயே கம்பெனி பெயர், பதிப்பு எண் எல்லாம் காட்டும் பகுதி ஒன்று உண்டு. அதை நம்பாதீர்கள், யார் வேண்டுமானாலும் எதையும் எழுதிவிடலாம்.

ஒரு விஷயம். கையொப்பப் பகுதியே இல்லை என்றால் உடனே போலி என்று முடிவு கட்டிவிடாதீர்கள். விண்டோஸோடு வரும் பல ஃபைல்களுக்குக் கையொப்பம் தனியே ஒரு கேட்டலாக் ஃபைலில் இருக்கும், அதனால் அந்தப் பகுதி தெரியாது. பழைய விஷுவல் பேசிக் 6 மென்பொருள்களுக்கான எம்எஸ்விபிவிஎம்60 அப்படிப்பட்டது. மைக்ரோசாஃப்டின் சிக்செக் கருவி கேட்டலாக்கையும் சேர்த்துப் பார்க்கும். ஆனால் உங்கள் ஃபைல் விண்டோஸோடு வருவதில்லை, எனவே இந்தச் சலுகை அதற்குக் கிடையாது.

இப்படி ஃபைல் கொண்டுவந்து போடும் ஆட்கள் பெரும்பாலும் எடுப்பது டிஎல்எல்களை ஒவ்வொன்றாக இறக்கித் தரும் தளங்களிலிருந்துதான். அங்கே ஹாஷ் எண்ணும் (ஃபைலின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் அடையாள எண்) போட்டிருப்பார்கள், பார்த்தால் நம்பிக்கை வரும். ஃபைலை மாற்றியவனுக்கு அதே பக்கத்தில் எண்ணை மாற்ற எவ்வளவு நேரம் ஆகும்?

அசலாகவே இருந்தாலும் அதை அழித்துவிட்டு, மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து அந்த ஃபைல் அடங்கிய விஷுவல் சி++ 2010 தொகுப்பை இறக்கி நிறுவுங்கள். இலவசம். பழைய மென்பொருள் பெரும்பாலும் 32 பிட், ஆகவே கணினி 64 பிட் என்றாலும் எக்ஸ்86 என்ற 32 பிட் தொகுப்புதான் வேண்டும். அழிக்க வேண்டிய அந்த ஃபைல் மென்பொருளின் ஃபோல்டரில் கிடக்கிறதா என்று முதலில் பாருங்கள், அங்கிருந்தால் பொதுவாக மென்பொருள் அதையேதான் முதலில் எடுக்கும். இல்லையென்றால் விண்டோஸுக்குள் சிஸ்வாவ்64 ஃபோல்டரில் தேடுங்கள். ஆமாம், 64 என்று பெயர் வைத்த ஃபோல்டரில் 32 பிட் ஃபைல்கள், சிஸ்டம்32-இல் 64 பிட், இப்படிப் பெயர் வைத்தவர்களை என்ன சொல்வது! எந்தத் தொகுப்பு வேண்டும் என்று அந்தப் பிழைச்செய்தியே சொல்லியிருந்தால் ஐம்பது வெள்ளி மிச்சம்.

கையொப்பம் செல்லாது என்று வந்தால் ஃபைலை அழித்து விண்டோஸின் வைரஸ் தடுப்பான டிஃபெண்டரில் முழு ஸ்கேன் ஓட்டுங்கள், வங்கிக் கடவுச்சொற்களை வேறொரு கருவியிலிருந்து மாற்றுங்கள்.