மிடி ஸீயின் கேமரா ஏன் நகர்வதில்லை?

அன்புள்ள அண்ணனுக்கு வணக்கம்.

நீங்கள் சொன்னீர்களே என்று டைரக்டர் மிடி ஸீயின் ‘ஐஸ் பாய்சன்’ படம் பார்த்தேன். நம் பர்மாவின் லாஷியோக்காரர் எடுத்த படமாச்சே என்று ஆசையாகத்தான் உட்கார்ந்தேன். கேமராவை ஒரு மூலையில் வைத்துவிட்டு மறந்துபோன மாதிரி இருக்கிறது. ஆட்கள் சம்பளம் எவ்வளவு, விலை எவ்வளவு என்றே பேசுகிறார்கள். காசில்லாமல் எடுத்த குறையைத்தான் ஸ்டைல் என்று கொண்டாடுகிறோமா?

ஒரு வாசகர், மோல்மீன்

அன்புள்ள தம்பி,

காசில்லை என்பது உண்மைதான், அனுமதியும் இல்லை. லாஷியோவில் பிறந்து 16 வயதில் தைவானுக்குப் படிக்கப் போன சீன வம்சாவளிப் பையன், 2011இல் வந்த ‘ரிட்டர்ன் டு பர்மா’வுக்காகச் சொந்த ஊருக்குத் திரும்பியபோது, அன்றைய ராணுவ ஆட்சியில் விளக்கும் டிராலியும் இறக்கிப் பகிரங்கமாக ஷூட்டிங் நடத்தியிருக்க முடியுமா? சின்னக் குழு, சின்னக் கேமரா, அவ்வளவுதான்.

ஆனால் ‘ஐஸ் பாய்சன்’ (2014) படத்தில் அந்த மாட்டுப் பேரத்தை இன்னொரு தடவை பாருங்கள். விவசாயம் கட்டுப்படியாகாமல் தகப்பன் பசுவை அடகு வைத்து மகனுக்கு ஸ்கூட்டர் வாங்கித் தருகிறார். வேறு டைரக்டர் என்றால் தகப்பன் முகத்துக்குப் போய், பின்னால் வயலினும் போட்டு நம்மை அழவைத்திருப்பார். இவர் பேரம் முடியும்வரை நம்மை அங்கேயே நிறுத்திவைக்கிறார். கடைசியில் அந்த மாட்டுக்கு என்ன ஆகிறது என்று பார்த்தீர்கள்தானே? அதையும் அப்படியே காட்டியதால்தான் அடகு என்றால் என்னவென்று வயிற்றில் உறைக்கிறது.

சம்பளப் பேச்சு சலிக்கிறது என்கிறீர்கள். மலேசியாவிலிருந்து யாராவது லீவில் வந்தால் நம் வீடுகளில் முதலில் என்ன கேட்கிறோம்? மாசம் எவ்வளவு, ரூம் வாடகை எவ்வளவு, ஏஜெண்டுக்கு எவ்வளவு கொடுத்தாய். அடுத்த பையனை அனுப்பலாமா வேண்டாமா என்பதே அந்தப் பேச்சில்தான் முடிவாகிறது. அதைக் காதுகொடுத்துக் கேட்ட டைரக்டர்கள் ரொம்பக் குறைவு.

அப்புறம் ‘த ரோடு டு மண்டலே’ (2016). இவர் பிறந்த அதே 1982இல்தான் நம் பர்மாவின் குடியுரிமைச் சட்டமும் வந்தது, பின்னால் ரோஸ், நீலம், பச்சை என்று குடியுரிமைக் கார்டுகள் பிரிந்ததற்கு வேர் அது. கார்டுக்காக ஆபீஸ் ஆபீஸாக ஏறி இறங்கிய நம் ஆட்களுக்கு, தாய்லாந்துக்குக் களவாகப் போன அந்தப் பெண் ஒரு அடையாளக் காகிதத்துக்காக அலைவதை யாரும் விளக்கவே வேண்டாம். அவளோடு வரும் பையனுக்கு அவள் போதும், அவளுக்கு அந்தக் காகிதம் வேண்டும். மொத்தப் படமும் இதுதான், இதை வைத்தே கடைசிவரை மூச்சுமுட்ட வைத்துவிடுகிறார்.

‘நீனா வூ’ (2019) காசோடு எடுத்த படம், கான் திரைப்பட விழாவுக்கும் போனது, அதில் கேமரா நன்றாகவே நகர்கிறது. அப்போ நான் சொன்னதுதானே சரி என்று கேட்பீர்கள். இல்லை தம்பி, அது ஒரு நடிகையின் மண்டைக்குள் நடக்கிற கதை, கேமரா உள்ளே போய்த்தான் ஆகவேண்டும். லாஷியோவில் அவர் தள்ளி நின்றது, தான் விட்டுவிட்டுப் போன ஆட்களின் வாழ்க்கைக்குள் உரிமை கொண்டாடி நுழையக் கூடாது என்ற மரியாதையால் என்றே நான் நம்புகிறேன். எனக்கு அந்தப் படங்கள்தான் உசத்தி.