அண்ணனிடம் கேளுங்கள்

கேள்வி: அண்ணே, ஆடி ஓய்ந்தவர்கள் சங்கத்தில் நாற்காலி பிடித்து உருப்படியாக எதுவும் செய்ததுண்டா? எங்கள் கபடிக் குழுவில் செயலாளர் முன்னாள் ஆட்டக்காரர்தான். போன வருஷக் கணக்கே இன்னும் வரவில்லை.
- ஒரு வாசகர், உசிலம்பட்டி

பதில்: ஆஸ்திரேலியாவின் கென் ஆர்தர்சனைச் சொல்வேன் தம்பி. ரக்பி லீக் ஆட்டக்காரர். பக்கத்துக்கு 13 பேர், பந்தோடு ஓடுகிறவனைக் கட்டிப்பிடித்துச் சாய்க்கணும். மதுரை ரேஸ்கோர்ஸ் மைதானத்தில் கபடி பார்த்தவர்களுக்குச் சட்டென்று பிடிபடும்.

சிட்னியின் மேன்லி அணிக்கு ஆடினார். 1951 இறுதிப் போட்டியில் தோல்வி. பயிற்சியாளராகி 1957, 1959 இரண்டு முறையும் இறுதியில் செயின்ட் ஜார்ஜ் அணியிடம் உதை. அப்புறம் கிளப் செயலாளர். ஆளின் கெட்டிக்காரத்தனம் அங்கேதான் தெரிந்தது. சவுத் சிட்னி கிளப் காசில்லாமல் தள்ளாடிய நேரம் பார்த்து, ஜான் ஓ'நீல் போன்ற அவர்களுடைய முரட்டு ஆட்களை மேன்லி அள்ளிக்கொண்டது. 1972-இல் முதல் கோப்பை, மறு வருஷமும் கோப்பை. சவுத் ரசிகர்களுக்கு வயிறெரியாமல் இருக்குமா? நானாயிருந்தால் மண்ணை வாரித் தூற்றியிருப்பேன்.

பிறகு இந்த அணிகளெல்லாம் ஆடும் லீக்கின் தலைவரானார். 1988-இல் பிரிஸ்பேன், நியூகாசில் ஊர் அணிகளும் அதில் சேர்ந்தன. 1995-இல் ஊடக முதலாளி ரூபர்ட் மர்டாக்கின் நிறுவனம் அதற்குப் போட்டியாக இன்னொரு லீக் தொடங்கக் கிளம்பி, ஆட்டக்காரர்களை விலை பேசியது. மேன்லி முன்பு செய்த வேலைதான், பணம் மட்டும் பெரிசு! வழக்கு, வாய்ச்சண்டை, 1997-இல் இரண்டு லீக் தனித்தனியாக நடந்தன. ஆர்தர்சன் அந்த வருஷம் விலகினார். 1998-இல் இரண்டும் ஒன்றாகின.

உங்கள் செயலாளரிடம் முதலில் வரவு செலவு நோட்டைக் கேளுங்கள். மற்றதை அப்புறம் பேசலாம்.