பேத்திக்குப் போர் என்று பெயரா?

கேள்வி: என் மகள் நெதர்லாந்தில் உட்ரெக்ட் நகரில் இருக்கிறாள். மாப்பிள்ளை டச்சுக்காரர், தங்கமான பையன். மகளுக்கு இது எட்டாவது மாதம். பெண் குழந்தை என்று அங்கே முன்பே சொல்லிவிட்டார்கள். பெயர் ‘மாக்டெல்ட்’ என்று முடிவு செய்திருக்கிறார்களாம். மாப்பிள்ளையின் பாட்டியின் பெயராம். கேட்டதிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை. வாயில் நுழையவில்லை. என் தம்பி மகன் தேடிப் பார்த்துவிட்டு, “அதற்குப் போர் என்று அர்த்தம், அத்தை. அந்த நாட்டிலேயே இப்போது யாரும் வைப்பதில்லை” என்கிறான். பிறக்கப்போகும் குழந்தைக்குப் போர் என்றா பெயர் வைப்பது? நான் தலையிட்டு மாற்றச் சொல்லலாமா? பதினாறாம் நாள் பெயர் வைக்கும்வரை பொறுத்துப் பார்க்கலாமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி, கும்பகோணம்

பதில்:

அன்புள்ள அம்மா,

உங்கள் தம்பி மகன் சொன்னது பாதி சரி. அந்தப் பெயரில் போர் இருக்கிறது. ஆனால் அது பெயரின் பின்பாதி. முன்பாதியை அவர் விட்டுவிட்டார்.

ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக ஜெர்மானிய இனத்து மக்கள் குழந்தைகளுக்கு இரண்டு சொற்களைச் சேர்த்துப் பெயர் வைத்தார்கள். டச்சுக்காரர்களின் முன்னோரும் அவர்களில் அடக்கம். உங்கள் பேத்தியின் பெயர் அப்படிப் பிறந்ததுதான். ‘மஹ்ட்’ என்றால் ஆற்றல், வலிமை. ‘ஹில்ட்’ என்றால் போர். இரண்டும் சேர்ந்து ‘மஹ்ட்ஹில்ட்’. நாளடைவில் வாய்வழி தேய்ந்து இப்போதைய வடிவத்துக்கு வந்திருக்கிறது. முதல் பாதியை இன்றைக்கும் எந்த டச்சுக்காரரும் கேட்டவுடன் கண்டுகொள்வார், ஏனென்றால் ஆற்றலுக்கும் அதிகாரத்துக்கும் அவர்கள் மொழியில் இப்போதும் வழங்கும் சொல் அதுவேதான்.

இதை நம் ஊர்ப் பெயர் ஒன்றின் அருகில் வைத்துப் பாருங்கள். சக்திவேல். சக்தி என்றால் ஆற்றல். வேல் என்றால் படைக்கருவி. அந்தப் பெயரைக் கூப்பிடும்போது நமக்கு யுத்தமா நினைவுக்கு வருகிறது? முருகன் நினைவுக்கு வருகிறான். வேலம்மாள் என்று எத்தனை பாட்டிகள் இருந்தார்கள்! விஜயா, ஜெயந்தி எல்லாம் வெற்றியைச் சொல்லும் பெயர்கள். போர் இல்லாமல் வெற்றி ஏது? சாமுண்டீஸ்வரி என்று பெண்ணுக்குப் பெயர் வைக்கும்போது, சண்டன், முண்டன் என்ற அசுரர்களின் தலையை வெட்டியவள் என்று யாரும் பயப்படுவதில்லை. நம்மைக் காப்பவள் என்றுதான் நினைக்கிறோம். அந்த மக்களும் பிள்ளைக்கு அப்படி ஒரு காப்பைத்தான் பெயராகக் கட்டினார்கள்.

சேர்த்த இரண்டு சொற்களும் ஒரு வாக்கியம்போலப் பொருள் தர வேண்டும் என்று அவர்கள் நினைக்கவும் இல்லை. நாம் கலை, தமிழ், மலர், கயல் என்று ஒரு வரிசையும் செல்வி, அரசி, விழி, மொழி என்று இன்னொரு வரிசையும் வைத்துக்கொண்டு மாற்றி மாற்றிக் கோக்கிறோம் அல்லவா? அவர்களிடமும் அப்படி இரண்டு வரிசைகள் இருந்தன. ‘கேர்’ என்றால் வேல். அதனோடு உறுதியைச் சேர்த்தால் ஜெரார்டு. வேலோடு வலிமையைச் சேர்த்தால் கெர்ட்ரூட், டச்சில் கேர்ட்ரெய்டா. அந்தப் பெயருடைய பெண்மணியை நாம் தாராளமாகச் சக்திவேல் என்றே மொழிபெயர்த்துக் கூப்பிடலாம்.

இன்னொரு செய்தி உங்களுக்கு ஆறுதலாக இருக்கும். இந்தப் பெயரை நீங்கள் இதற்கு முன்பே கேட்டிருக்கிறீர்கள். தூத்துக்குடி, நாகர்கோவில் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பங்களில் மெட்டில்டா என்ற பெயரும் ஹில்டா என்ற பெயரும் உண்டு. மெட்டில்டாதான் இந்தப் பெயர்! ஒரே பெயர், ஊர்தோறும் வேறு உடை. பிரெஞ்சுக்காரர்களின் வாயில் நடுவில் இருந்த தொண்டை ஒலி உதிர்ந்து ‘மத்தில்ட்’ ஆனது. 1066-இல் இங்கிலாந்தைப் பிடித்த வில்லியமின் மனைவி, ஃபிளாண்டர்ஸ் நாட்டு இளவரசி, இந்தப் பெயர்க்காரிதான். அவர் காலத்தில் நார்மானியர்களோடு இந்தப் பெயர் அங்கே போய் மெட்டில்டா ஆயிற்று. மாட் என்றும் சுருங்கிற்று. அங்கிருந்து கப்பலேறி நம் கடற்கரைக்கும் வந்துவிட்டது. இன்றைய பெல்ஜியம் நாட்டு ராணியின் பெயரும் மத்தில்ட். 968-இல் மறைந்த ஜெர்மானிய அரசி ஒருவர் இதே பெயரில் புனிதராக வணங்கப்படுகிறார். அவருடைய திருநாள் மார்ச் 14. உதிர்ந்துபோன அந்தத் தொண்டை ஒலியை விடாமல் வைத்திருப்பது டச்சு வடிவம்.

அந்த ஒலிதான் உங்கள் வாயில் நுழையாமல் தொந்தரவு கொடுக்கிறது. அதற்கு நம்மிடம் ஓர் எழுத்தே இருக்கிறது, அம்மா. ஆய்தம். ‘அஃது’, ‘எஃகு’ என்று சொல்லிப் பாருங்கள். தொண்டையில் காற்று லேசாக உரசுகிறதே, அங்கேதான் அந்த டச்சு ஒலி பிறக்கிறது. அவர்கள் இன்னும் கொஞ்சம் அழுத்தி உரசுவார்கள். தனிக்குறிலுக்குப் பின்னும் வல்லின உயிர்மெய்க்கு முன்னும் ஆய்தம் வரும் என்று பள்ளிக்கூடத்தில் படித்திருப்பீர்கள். ‘மஃடெல்ட்’ என்று எழுதினால் அந்த இலக்கணத்துக்குள் அச்சாகப் பொருந்துகிறது. நீங்கள் எழுதியதுபோல ‘மா’ என்று நீட்ட வேண்டாம். குறிலாக ‘ம’, முதல் அசையில் அழுத்தம். கடைசி எழுத்தை அவர்கள் மெலிந்த ஒலிக்கான எழுத்தால் எழுதினாலும் வலித்துத்தான் சொல்வார்கள். நம் ‘ட்’ அதற்குப் போதும். நாளைக்கு நாலு முறை அடுப்படியில் சொல்லிப் பழகுங்கள். ஒரு வாரத்தில் மாப்பிள்ளை அசந்துபோவார். இங்கிலீஷ்காரர்களுக்கு இந்த ஒலி எளிதில் வருவதில்லை. ஆய்தம் படித்த உங்களுக்கு வரும்.

சரி, யாரும் வைப்பதில்லை என்பது உண்மையா? அரிதாகிவிட்டது என்பது உண்மை. அங்கே பிறக்கும் குழந்தைகளின் பெயர்களை ஆண்டுதோறும் பட்டியலிட்டு வெளியிடுகிறார்கள். எம்மா, யூலியா, நோவா போன்ற சின்னச் சின்னப் பெயர்கள்தான் மேலே நிற்கின்றன. ஆம்ஸ்டர்டாமில் உள்ள மெர்ட்டென்ஸ் ஆய்வு நிறுவனம் நாட்டின் முதற்பெயர்களுக்கென்றே ஒரு தரவகம் வைத்திருக்கிறது; ஒவ்வொரு பெயரும் எந்த ஆண்டில் எத்தனை பேருக்கு வைக்கப்பட்டது என்று அதில் பார்க்கலாம். உங்கள் மகளைப் பார்க்கச் சொல்லுங்கள், அவளுக்கே சுவாரசியமாக இருக்கும். அரிது என்பதால் அது கைவிடப்பட்ட பெயர் என்று நினைத்துவிடாதீர்கள். அது பழைய, மதிப்பான பெயர். படித்த பெண்மணிகள் பலர் அந்தப் பெயரோடு அங்கே வாழ்கிறார்கள். நோய் இல்லாதிருப்பது மட்டுமே ஆரோக்கியம் ஆகிவிடாது என்று வாதாடி, 2011-இல் ஆரோக்கியத்துக்குப் புதிய விளக்கம் முன்வைத்த டச்சு மருத்துவர் ஹூபரின் முதற்பெயரும் மஃடெல்ட்தான்.

வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த மஃடெல்ட் ஒருத்தி இருக்கிறாள். பிரபாண்ட் நாட்டுக் கோமகனின் மகள், 1200-ஐ ஒட்டிப் பிறந்தவள். ஹாலந்தின் பிரபு நான்காம் ஃபுளோரிஸை மணந்தாள். அவர் 1234-இல் பிரான்சில் ஒரு குதிரைவீரர் போட்டிக்குப் போன இடத்தில் கொல்லப்பட்டார். கையில் சிறு பிள்ளைகள். மூத்த மகன் வில்லெமுக்கு அப்போது ஏழு வயது இருக்கலாம். அந்தப் பிள்ளை பின்னாளில் ஜெர்மானியர்களின் அரசனாகவே தேர்ந்தெடுக்கப்பட்டான். ஹேக் நகரில் அவன் தொடங்கிய மாளிகையிலிருந்து வளர்ந்ததுதான் பின்னர் நெதர்லாந்து நாடாளுமன்றம் அமர்ந்த வளாகம். அந்த மகனும் 1256-இல் போரில் இறந்தான். அதற்குப் பிறகும் பதினோரு ஆண்டுகள் அந்தத் தாய் வாழ்ந்தாள். ஆற்றலும் போரும் சேர்ந்த பெயர் அவளுக்கு எப்படிப் பொருந்தியது பாருங்கள். அவள் ஒரு வாளையும் தூக்கவில்லை.

அவளும் கணவரும் சேர்ந்து, இன்று ஹேக் நகரத்தின் பகுதியாக இருக்கும் லோஸ்டெய்னனில் ஒரு கன்னியர் மடம் கட்டினார்கள். அதன் ஆலயம் இப்போதும் இருக்கிறது. அங்கே அவள் மகள் மார்கரெத்தாவைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். இரட்டைப் பிள்ளைகளோடு வந்த ஏழைப் பெண் ஒருத்தியை, “இரண்டு குழந்தை என்றால் இரண்டு தகப்பனா?” என்று மார்கரெத்தா பழித்துப் பேசினாளாம். அந்தப் பெண் மனம் நொந்து, ஆண்டுக்கு எத்தனை நாளோ அத்தனை பிள்ளைகளை நீயும் பெறுவாய் என்று சாபமிட்டாளாம். 1276-இல் ஒரே பேற்றில் 365 குழந்தைகள்! ஆண் குழந்தைகளுக்கெல்லாம் யான் என்றும், பெண் குழந்தைகளுக்கெல்லாம் எலிசபெத் என்றும் பெயரிட்டு ஞானஸ்நானம் கொடுத்தார்கள் என்று கதை போகிறது. அன்றே பிள்ளைகளும் தாயும் இறந்துபோனார்களாம். ஞானஸ்நானத்துக்குப் பயன்பட்டவை என்று சொல்லப்படும் இரண்டு பாத்திரங்கள் அந்த ஆலயத்தில் உண்டு. பிள்ளை வரம் வேண்டிய பெண்கள் ஒரு காலத்தில் வந்து அவற்றில் கை கழுவிச் செல்வார்களாம். காந்தாரியின் நூறு பிள்ளைகளைக் கேட்டு வளர்ந்த நமக்கு இது அந்நியமான கதை இல்லை. நீங்கள் நெதர்லாந்து போனால் உட்ரெக்டிலிருந்து ரயிலில் ஹேக் போய், அந்த ஆலயத்தைப் பார்த்துவிட்டு வாருங்கள்.

இனி, நீங்கள் கேட்ட முக்கியமான கேள்வி. தலையிடலாமா?

வேண்டாம், அம்மா. மாற்றச் சொல்லாதீர்கள். உங்கள் கடிதத்தில் நீங்கள் போகிற போக்கில் எழுதிய ஒரு வரிதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது: “மாப்பிள்ளையின் பாட்டியின் பெயராம்.” மூத்தவர் பெயரைப் பிள்ளைக்கு இடுவதற்கு டச்சு மொழியில் ‘ஃபெர்னூமென்’ என்று தனிச்சொல்லே இருக்கிறது. மூத்த மகனுக்கு அப்பாவைப் பெற்ற தாத்தாவின் பெயர், அடுத்தவனுக்கு அம்மாவைப் பெற்ற தாத்தாவின் பெயர் என்று வரிசை வைத்துச் செய்தார்கள். வரிசை ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும். சென்ற நூற்றாண்டின் பின்பாதியில் அந்தக் கட்டு தளர்ந்துவிட்டது. இன்றைக்கு ஓர் இளைஞர் தன் பாட்டியின் முழுப் பெயரை, பழங்காலப் பெயர் என்று பிறர் சொல்லக்கூடும் என்று தெரிந்தும், மகளுக்கு வைக்கிறார் என்றால் அது ஆசையால் மட்டுமே நடப்பது.

நம் மொழியில் பேரன் என்ற சொல் எங்கிருந்து வந்தது? பெயரன். தாத்தாவின் பெயரைத் தாங்குகிறவன். பெயர்த்திதான் பேத்தி. உறவுமுறைச் சொல்லிலேயே இந்த வழக்கத்தைப் பொதிந்து வைத்திருக்கும் மொழிக்காரர்கள் நாம். அங்கே உங்கள் மாப்பிள்ளை செய்வது அச்சு அசலாக அதுதான். நீங்கள் கும்பகோணத்தில் இருந்துகொண்டு அதைத் தடுக்கலாமா?

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். குழந்தை பிறக்கும்வரை பெயரை வெளியே சொல்லாமல் காப்பது அங்கே பரவலான வழக்கம். நெருங்கிய நண்பர்களுக்குக்கூடப் பிறப்புச் செய்தி அட்டை வந்த பிறகுதான் தெரியும். எட்டாம் மாதத்திலேயே உங்கள் காதில் போட்டிருக்கிறார்கள். உங்களை எந்த இடத்தில் வைத்திருக்கிறார்கள் என்று அதிலிருந்து புரிந்துகொள்ளுங்கள். நீங்களும் ஊர் முழுக்கச் சொல்லிவிடாதீர்கள்.

பதினாறாம் நாள்வரை பொறுக்கலாம் என்று எண்ணாதீர்கள். நெதர்லாந்தில் குழந்தை பிறந்து மூன்று நாட்களுக்குள் நகராட்சியில் பெயரோடு பதிய வேண்டும் என்பது சட்டம். பதிந்த முதற்பெயரைப் பின்னால் மாற்ற வேண்டுமானால் வழக்கறிஞர் வைத்து நீதிமன்றம் போக வேண்டும். ஆகவே சொல்ல வேண்டியது ஏதாவது இருந்தால் இப்போதே சொல்லுங்கள். சொல்வதற்கு உங்களுக்கு நல்ல விஷயம் ஒன்று இருக்கிறது.

அங்கே ஒரு குழந்தைக்கு இரண்டு, மூன்று முதற்பெயர்கள் இடுவது சாதாரணம். கத்தோலிக்கக் குடும்பங்களில் ஞானஸ்நானத்துக்கு யொஹான்னஸ் என்று லத்தீன் பெயர், வீட்டில் கூப்பிட யான் என்று நீண்ட காலமாக இருந்திருக்கிறது. கூப்பிடும் பெயருக்கு ‘ரூப்நாம்’ என்றே தனிச்சொல் உண்டு. நம் வீட்டுப் பெயர் மாதிரி. பிறப்பு அட்டையில் கூப்பிடும் பெயரைப் பெரிதாக அச்சிட்டு, அதன் கீழே பதிவுப் பெயர்கள் எல்லாவற்றையும் சின்ன எழுத்தில் போடுவார்கள். அந்தச் சின்ன எழுத்து வரியில் இடம் இருக்கிறது. மஃடெல்டுக்குப் பக்கத்தில் ஒரு தமிழ்ப் பெயர் உட்காரட்டும். உங்கள் அம்மாவின் பெயராக இருந்தால் இன்னும் நல்லது. இரண்டு குலத்துப் பாட்டிகளும் ஒரே வரியில் வருவார்கள். புதிதாகத் தேடுவதென்றால் மகிழினி என்று நான் சொல்வேன். பொருளால் இரண்டு பெயர்களுக்கும் சம்பந்தம் கிடையாது; ஆனால் ‘ம’வில் தொடங்கி அதுவும் இதுவும் காதில் அக்காள் தங்கைபோல ஒலிக்கின்றன. தொலைபேசியில் நீங்கள் ‘மகிழ்’ என்று கூப்பிட்டால் குழந்தை இரண்டுக்கும் திரும்பும்.

இதை மகளிடம் கேட்பதற்கு முன்னால், மாப்பிள்ளையிடம் ஒரு கேள்வி கேளுங்கள். “உங்கள் பாட்டி எப்படிப்பட்டவர்?” வேறொன்றும் வேண்டாம். அவர் என்ன சமைப்பார், பேரனை எங்கே கூட்டிப்போவார், கோபம் வந்தால் என்ன சொல்வார் என்று கேட்டுக்கொள்ளுங்கள். உங்கள் மகள் பக்கத்தில் உட்கார்ந்து மொழிபெயர்க்கட்டும். அகராதி தரும் அர்த்தத்தை நான் சொல்லிவிட்டேன். அந்த வீட்டில் அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம் என்பதை அவர்தான் உங்களுக்குச் சொல்ல முடியும்.

குழந்தை பிறந்ததும் பார்க்க வருகிறவர்களுக்கு அங்கே வட்ட ரஸ்க்கில் வெண்ணெய் தடவி, சர்க்கரைப் பூச்சு போட்ட சோம்பு தூவிக் கொடுப்பார்கள். பெண் குழந்தைக்கு இளஞ்சிவப்பும் வெள்ளையும் கலந்த நிறம். நம் வீட்டில் பிள்ளை பெற்றவளுக்குச் சோம்புக் கஷாயம் கொடுப்போமே, அங்கேயும் தாய்க்குப் பால் ஊறும் என்ற நம்பிக்கையில்தான் அந்தச் சோம்பு தட்டுக்கு வந்தது. நீங்கள் பிரசவத்துக்குப் போகிறீர்கள் என்றால், பெட்டியில் கொஞ்சம் சோம்பு எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். சம்பந்தி அம்மாளுக்கு அதன் வாசனை உடனே பிடிபடும்.