எண்ணூர்க் கடற்காற்றில் அதிரும் ஸ்லாக்லைன்: பதில்

எண்ணூர்க் கடற்கரையில் நீங்கள் கட்டிய 40 மீட்டர் ஸ்லாக்லைன் (இரு முனைகளுக்கிடையே இழுத்துக் கட்டி அதன்மேல் நடக்கும் தட்டை நாடா) பிற்பகலில் மட்டும் உறுமி அதிர்வது பற்றிக் கேட்டிருந்தீர்கள். நாடாவின் ஒரு முனையைக் கழற்றி, நீளவாக்கில் நாலைந்து முறை முறுக்கிவிட்டு மீண்டும் இழுத்துக் கட்டுங்கள். அதிர்வு பெரும்பாலும் இதிலேயே அடங்கிவிடும்.

பிற்பகல் என்பதுதான் துப்பு. மதியத்துக்குமேல் கடற்காற்று ஏறும்போது, முறுக்கில்லாத தட்டை நாடா முழு நீளத்துக்கும் ஒரே கோணத்தில் சிறகுபோல் நிற்பதால், காற்று அதை மேலும் கீழுமாக மாறிமாறித் தள்ளுகிறது. முறுக்கியபின் இடத்துக்கு இடம் கோணம் வேறாகிவிடுவதால் அந்தத் தள்ளல்கள் ஒன்றுசேர்வதில்லை.

அதன் பிறகும் அதிர்ந்தால், முறுக்குகள் ஒரு முனையிலேயே குவிந்துள்ளனவா என்று நடந்துபோய்ப் பாருங்கள். அவை நீளம் முழுவதும் பரவியிருக்க வேண்டும். கூடவே சேக்கிளின் (நாடாவை இணைக்கும் U வடிவ இரும்பு வளையம்) ஆணியையும் விரலால் திருகிப் பாருங்கள், அதிர்வில் மரை தானாகவே கழன்று வரக்கூடும். படகுகளில் செய்வதுபோல, ஆணியின் கண்ணில் கட்டுக்கம்பியை ஓட்டிச் சேக்கிளின் காலோடு முறுக்கிவிடுவது நல்லது. உப்புக்காற்று பட்ட இரும்பை நன்னீரில் கழுவவும் மறவாதீர்கள்.

அடுத்த ஆண்டு அமெரிக்காவின் மோவாப் பாலைவனப் பள்ளத்தாக்கில் ஹைலைன் (மிக உயரத்தில் கட்டிய ஸ்லாக்லைன்) நடக்கப்போவதாகவும் எழுதியிருந்தீர்கள். முறுக்கு அங்கும் உதவும், ஆனால் அது பாதுகாப்பு ஆகாது: அங்கே தனி நங்கூரங்களில் (பாறையில் அடிக்கும் பிடிப்புகள்) இரண்டாவது காப்பு நாடாவும், மணற்கல் விளிம்பில் உராயாதபடி தடித்த உறையும் கட்டாயம். மழை பெய்தால் மணற்கல் பலமிழந்துவிடும். மேற்பரப்பு காய்ந்துவிட்டதே என்று நம்பி அதில் நங்கூரம் அடிக்காதீர்கள்.