மலைக்கு அடியில் வைத்த கனவு

கேள்வி: நான் எழுதிவரும் நாவலில், அழியப்போகும் ஓர் இனம் தன் நினைவுகளையும் கனவுகளையும் மலையைக் குடைந்த காப்பகத்தில் ‘நினைவுப் படிகங்களாக’ வைத்துவிட்டுப் போகிறது. முந்நூறு ஆண்டு கழித்துக் கதாநாயகி நாற்பது டன் கதவைத் திறக்கிறாள். எல்லாம் வைத்தது வைத்தபடி இருக்கிறது. படித்த நண்பர் “நம்பும்படி இல்லை” என்கிறார். கற்பனைக்குக் கணக்கு எதற்கு? (அத்தியாயத்தை இணைத்திருக்கிறேன்.)

பதில்: என் ஓட்டு உங்கள் நண்பருக்கு. கணக்கு வேண்டாம் என்கிற நீங்கள்தான் கதவை எடைபோட்டு 40 டன் என்று எழுதியிருக்கிறீர்கள். கதவை வர்ணிக்க மூன்று பக்கம். உள்ளே இருப்பதற்கு “எண்ணற்ற பேழைகள்” என்று இரண்டே சொல். நிலத்தடிக் காப்பகத்தில் திருடனுக்குப் பயப்படுவது அப்புறம். முதலில் தண்ணீர்.

நோர்வேயின் ஸ்வால்பார் தீவுக்கூட்டத்தில், உறைந்த நிலத்துக்குள் 2008இல் திறந்த விதைக் கிடங்கில் மைனஸ் 18 டிகிரி குளிர். 2016 அக்டோபரில் பருவம் தப்பிய வெப்பமும் மழையும் சேர்ந்து நுழைவுச் சுரங்கத்துக்குள் தண்ணீர் புகுந்து உறைந்தது. விதைகளை எட்டவில்லை. ஆனாலும் அந்தச் சுரங்கத்தை நீர் புகாதபடி மாற்றிக் கட்ட வேண்டியதாயிற்று. பனிப் பூமியிலேயே இந்தக் கதி.

பாறை வெடிப்பில் கசியும் நீராவது கண்ணுக்குத் தெரியும், வாய்க்கால் வெட்டி வெளியே விடலாம். காற்றில் வரும் நீர்தான் ஏமாற்றும். “பேழைகள் மூச்சுவிட மலையுச்சிவரை காற்றுத் துளைகள்” என்று எழுதியிருக்கிறீர்களே, உங்கள் காப்பகத்தை அழிக்க அந்த ஒரு வரி போதும். வெளியே 30 டிகிரி, காற்றில் ஈரப்பதம் 70 சதவீதம் என்று வையுங்கள். அந்தக் காற்று 24 டிகிரிக்குக் கீழே குளிர்ந்தாலே நீர் விடும். மலைக்குள் சுவர் 18 டிகிரி. கோடையில் துளை திறந்திருக்கும் நாளெல்லாம் சுவர் வியர்க்கும். ஈரப்பதம் 65 சதவீதத்தைத் தாண்டி நின்றுவிட்டால் பூஞ்சை பிடிக்கும். முந்நூறு ஆண்டு வேண்டாம், ஒரு மழைக்காலம் போதும்.

எனவே அறையை நம்பாதீர்கள், பெட்டியை நம்புங்கள். ஜெர்மனியில் ஓபர்ரீட் அருகே ஒரு பழைய சுரங்கத்தில், 1975 முதல், நாட்டின் ஆவணங்களை மைக்ரோஃபிலிமாக, அதாவது ஃபிலிம் சுருளில் மிகச் சிறிய படங்களாக, எடுத்துத் துருப்பிடிக்காத எஃகுப் பீப்பாய்களில் வைக்கிறார்கள். சூட்சுமம் எஃகில் இல்லை. மூடுவதற்கு முன் சுருள்களைக் குளிர்ந்த, 35 சதவீத ஈரக் காற்றில் வாரக்கணக்கில் வைத்துப் பழக்குகிறார்கள். ஈரத்தோடு மூடினால் உள்ளேயே புழுங்கும். ஈரம் உறிஞ்சும் சிலிக்கா ஜெல்லை அள்ளிப்போட்டு ஒரேயடியாக உலர்த்தினாலும் வம்பு. தாள் மொரமொரத்துப் போகும், ஃபிலிமின் மேற்பூச்சு வெடிக்கும். ஃபிலிமும் பாலியெஸ்டராக இருக்க வேண்டும். பழைய அசிடேட் வகை சிதையும்போது அசிட்டிக் அமிலம், அதாவது வினிகரின் புளிப்பு, விடும். இறுக்கி மூடினால் அந்த அமிலமே சிதைவை முடுக்கும். உங்கள் கதாநாயகி மூடியைத் திறந்ததும் “காலத்தின் நறுமணம்” வந்ததாக எழுதியிருக்கிறீர்கள். உள்ளே இருப்பது அந்த ஃபிலிம் என்றால் வருவது வினிகர் வாடை.

படிகம் என்ன ஆகும் என்றால், அதை ஓட்டும் கருவி எங்கே என்றுதான் கேட்பேன். இங்கிலாந்தில் 1086இல் தோலில் எழுதிய டூம்ஸ்டே நிலக்கணக்கை இன்றும் படிக்கிறார்கள். அதன் 900ஆம் ஆண்டுக்காக 1986இல் பி.பி.சி. லேசர் தட்டில் ஒரு புதிய பதிவு செய்தது. 20 ஆண்டு ஆவதற்குள் அதை ஓட்டும் கருவி அரிதாகிவிட்டது. மைக்ரோஃபிலிமுக்கு வெளிச்சமும் ஒரு லென்ஸும் போதும்.

நீங்கள் கற்பனை என்று எழுதும் காப்பகம் உண்மையிலேயே இருந்தது. போலந்தின் வார்சாவில் நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த கெட்டோ பகுதியில், இமானுவேல் ரிங்கல்ப்ளம் என்ற வரலாற்றாசிரியர் தலைமையில் ‘ஓனெக் ஷபாத்’ என்ற ரகசியக் குழு நாட்குறிப்பு, கட்டுரை, டிராம் டிக்கெட், மிட்டாய்த் தாள்வரை சேர்த்தது. 1942 ஆகஸ்டில் முதல் பகுதியைப் பத்துத் தகரப் பெட்டிகளில் வைத்து ஒரு பள்ளிக்கூடத்தின் அடியில் புதைத்தார்கள். அடுத்த பகுதி 1943இல் இரண்டு பால் கேன்களில் போயிற்று. பெட்டிகள் 1946 செப்டம்பரில் கிடைத்தபோது உள்ளே நீர் இறங்கித் தாள்கள் நனைந்து ஒட்டிக்கிடந்தன. ஈரம் புகாதபடி அடைக்கப்படாத பெட்டிகள். 1950 டிசம்பரில் கிடைத்த கேன்களில் சேதம் குறைவு. மூன்றாவது பகுதி இன்றுவரை கிடைக்கவில்லை. முதல் பகுதியாவது கிடைத்ததற்குக் காரணம், குழுவில் உயிர்தப்பிய மூவரில் ஹெர்ஷ் வாசருக்கு இடம் தெரிந்திருந்தது. உங்கள் நாவலில் இடம் யாருக்குத் தெரியும்? அந்த ஆளைக் காணோம்.

கனவுகளுக்கு வருகிறேன். கனவு விழித்த சில நிமிடங்களில் கலைந்துவிடும். எழுந்து முகம் கழுவிவிட்டுச் சொல்வது பாதி புனைவு. உங்கள் இனத்துக்குப் படுக்கையோரம் எழுத்தர் வேண்டும், அவர் “பயந்தாயா?” என்று கேட்கக் கூடாது, கேட்டால் பயம் கனவுக்குள் போய்விடும். “அப்புறம்?” என்பதற்கு மேல் வாய் திறக்கக் கூடாது. கனவு ஒரு தாள், அதற்கு யாரோ சொன்ன பலன் வேறு தாள். யார், என்று, எந்த மொழியில் என்பது இரண்டிலும் இருக்கட்டும்.

இதைச் செய்துகாட்டியவர் உண்டு. நாஜி ஆட்சி தொடங்கிய 1933 முதல், சார்லட் பெராட் என்ற பத்திரிகையாளர் பெர்லினில் 300க்கு மேற்பட்டவர்களின் கனவுகளைத் திரட்டினார். பிடிபடாமலிருக்கச் சங்கேதம் வைத்தார்: கட்சி ‘குடும்பம்’, கைது ‘ஃப்ளூ காய்ச்சல்’, ஹிட்லர் ‘ஹான்ஸ் மாமா’. தாள்களைப் புத்தகங்களின் முதுகுக்குள் ஒளித்தார். பிற்பாடு அவரே உட்கார்ந்து அவிழ்த்ததால் 1966இல் நூலாயிற்று. அவர் இல்லாமல் அந்தத் தாள்கள் மட்டும் முந்நூறு ஆண்டு கிடந்திருந்தால்? குடும்பத்தில் எல்லோருக்கும் காய்ச்சல், மாமா வந்து பார்த்தார் என்று யாரோ அட்டவணை போட்டிருப்பார்கள். உங்கள் கதாநாயகியோ முதல் பேழையிலேயே கடகடவென்று வாசிக்கிறாள்.

அத்தியாயத்தைத் திருப்பி அனுப்பியிருக்கிறோம். கதவை அரைப் பக்கத்தில் முடியுங்கள். காற்றுத் துளைகளை அடைத்துவிடுங்கள். மிச்ச இடத்தில் வாசலை ஒட்டி ஒரு பதிவேடு வையுங்கள்: எந்தப் பேழையில் யாருடைய கனவு, எந்தச் சொல்லுக்கு என்ன பொருள். அதன் இரண்டாவது பிரதி மலைக்கு வெளியே யார் வீட்டில் இருக்கிறது என்பதையும் முடிவு செய்துவிட்டு எழுதுங்கள்.