பக்கவாதம் வந்தவரின் கோப்பில் 'டோன் 2, பவர் 3/5' என்று எழுதுகிறார்களே, அந்த எண்கள் ஏறினால் நல்லதா?

உங்கள் தந்தையாருக்குப் பக்கவாதம் வந்து நான்கு மாதங்கள் ஆகின்றன என்றும், வலது முழங்கைக்குச் சென்ற மாதம் 'டோன் 1+, பவர் 2/5' என்று இருந்தது இந்த மாதம் 'டோன் 2, பவர் 3/5' ஆகியிருக்கிறது என்றும், இரண்டு எண்களும் ஏறியிருப்பதை முன்னேற்றமாகக் கொள்ளலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். அவரைத் தூக்கி உட்கார வைக்கும்போது உங்கள் பின்தொடைத் தசை பிடித்துக்கொண்டு, அதற்கு மருத்துவர் 'கிரேடு 2' என்று எழுதியதும் இதே கணக்குத்தானா என்பது உங்கள் அடுத்த ஐயம். பக்கவாத நோயாளிகளுக்கு இயன்முறை சிகிச்சை அளிப்பவன் என்ற முறையில், எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

பவர் என்பது தசையின் வலு; டோன் என்பது தளர்வாக இருக்கும்போதும் தசையில் உள்ள இறுக்கம். பவர் ஏறியது நல்ல செய்தி. டோன் ஏறியது கவனிக்க வேண்டிய செய்தி. இவை இரண்டும் வெவ்வேறு அளவுகோல்கள். பவரில் 5 என்பது இயல்பு நிலை, டோனில் 0 என்பது இயல்பு நிலை. பக்கவாதம் வந்த முதல் நாட்களில் மருத்துவமனையில் பாதிப்பின் தீவிரத்தை அளக்கப் போடும் என்.ஐ.எச்.எஸ்.எஸ். மதிப்பெண்ணிலோ கை, கால் அசைவுக்கு 0 என்றால் இயல்பு, 4 என்றால் அசைவே இல்லை என்று பொருள். ஒரே கோப்புக்குள் திசை மாறி ஓடும் இந்த எண்களை விளக்கம் தராமல் குடும்பத்தினர் கையில் கொடுத்துவிடுவது சரியல்ல என்பது என் உறுதியான கருத்து.

முதலில் பவர். தசையின் வலுவைப் புவியீர்ப்பை எதிர்த்து அசைக்க முடிகிறதா என்று பார்த்துத் தரம் பிரிக்கும் முறை, இளம்பிள்ளை வாதத்தால் தாக்கப்பட்ட குழந்தைகளுக்காக 1910-களில் அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் ராபர்ட் லவெட், வில்ஹெல்மின் ரைட் ஆகியோரால் உருவானது. இன்று நாம் பயன்படுத்தும் 0 முதல் 5 வரையிலான எம்.ஆர்.சி. அளவுகோலை, இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் நரம்புக் காயங்களைப் பரிசோதிப்பதற்காக 1943-இல் பிரிட்டனின் மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் வெளியிட்டது. அசைவே இல்லையென்றால் 0. தசை துடிப்பது விரலுக்குத் தட்டுப்பட்டும் மூட்டு அசையாவிட்டால் 1. மேல்கையைப் பக்கவாட்டில் தோள் உயரத்துக்கு மேசைமேல் தாங்கி வைத்து, முன்கை மேசையின் பரப்பிலேயே நகரும்படி மடக்கச் சொல்கிறோம். அப்போது புவியீர்ப்பு குறுக்கே வருவதில்லை. அந்த நிலையில் முழுமையாக மடக்க முடிந்து, கையைப் பக்கத்தில் தொங்கவிட்டு மடக்கச் சொன்னால் முடியவில்லை என்றால் 2. தொங்கவிட்ட நிலையிலிருந்தே முன்கையை மேலே கொண்டுவந்துவிட்டால் 3. நாம் கொடுக்கும் எதிர்ப்பையும் ஓரளவு தாங்கினால் 4, இயல்பான வலு இருந்தால் 5. ஆகவே உங்கள் தந்தையார் 2-இலிருந்து 3-க்கு வந்திருப்பது, தன் முன்கையின் எடையைத் தானே தூக்கத் தொடங்கியிருக்கிறார் என்பதைக் காட்டுகிறது. அது சிறிய மாற்றமல்ல. இனிமேல் 4-க்குள் பல மாதங்கள் தங்கக்கூடும் என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன், ஏனெனில் ஐந்து படிகளும் சம இடைவெளியில் அமைந்தவை அல்ல. மிக இலேசான எதிர்ப்பைத் தாங்குபவருக்கும், கிட்டத்தட்ட முழு வலுவுடன் இருப்பவருக்கும் அதே 4-தான் கிடைக்கிறது.

இந்த அளவுகோல் நரம்பு அறுபட்ட தசைக்காகப் பிறந்தது. மூளை பாதிக்கப்பட்டவருக்கு அது முழுமையாகப் பொருந்துவதில்லை. பக்கவாதத்துக்குப் பின் பலர் முழங்கையை மட்டும் தனியாக மடக்குவதில்லை. தோள் உயர்ந்து, மேல்கை வெளிப்புறம் விலகி, விரல்கள் சுருண்டு, கை முழுவதும் ஒரே சேர்க்கையாக எழும். அப்படி எழுந்ததற்கும் 3 என்று எழுதிவிட முடியும், ஆனால் அந்தக் கையால் தம்ளரை எடுத்து வாயருகே கொண்டுவர முடியாது. அதனால்தான் அசைவுகள் எவ்வளவு தனித்தனியாகப் பிரிந்து வருகின்றன என்பதையும் சேர்த்துப் பார்க்கும் ஃபூகல்-மேயர் மதிப்பீடு 1975-இல் வந்தது. அதில் கையின் இயக்கத்துக்கு மட்டும் 66 மதிப்பெண்கள். நேரமும் பயிற்சியும் உள்ள மையமாக இருந்தால், அதைச் செய்து தருமாறு நீங்கள் கேட்கலாம்.

இனி டோன். நீங்கள் குறிப்பிட்ட 1+ என்ற தரம், பிரையன் ஆஷ்வொர்த் 1964-இல் பயன்படுத்திய அளவுகோலில் இல்லை. 1987-இல் பொஹானன், ஸ்மித் ஆகிய இருவரும் அதைத் திருத்தியபோது சேர்த்தார்கள். நோயாளியைப் படுக்க வைத்து, தளர்வாக இருக்கச் சொல்லி, மடங்கியிருக்கும் முழங்கையை ஏறத்தாழ ஒரு நொடியில் நாமே நீட்டுகிறோம். அவர் எதுவும் செய்யக்கூடாது. ஒரு கை மேல்கையைத் தாங்கியிருக்கும், மறு கை மணிக்கட்டுக்குச் சற்று மேலே பிடித்திருக்கும். இறுக்கம் உள்ளவருக்கு, நீட்டிக்கொண்டு போகும்போது ஓரிடத்தில் தசை சட்டென்று பிடிக்கும். பிடித்தவுடன் விட்டுவிட்டாலோ, நீட்டலின் கடைசியில் மட்டும் சிறு எதிர்ப்புத் தெரிந்தாலோ 1. பிடித்த பிறகு, எஞ்சிய தூரத்திலும் இலேசான எதிர்ப்பு தொடர்ந்து, அந்தத் தூரம் மொத்த வீச்சில் பாதிக்கும் குறைவாக இருந்தால் 1+. பெரும்பாலான வீச்சிலும் எதிர்ப்பு நன்றாகத் தெரிந்தும் கையை எளிதாக நகர்த்த முடிந்தால் 2. நகர்த்துவதே கடினமானால் 3, கை ஒரே நிலையில் விறைத்து நின்றுவிட்டால் 4.

இந்தப் பரிசோதனையில் கருவி எதுவும் இல்லை. சோதிப்பவரின் கை உணர்வதுதான் அளவு. 1+-க்கும் 2-க்கும் இடையில் இரண்டு சிகிச்சையாளர்கள் வேறுபடுவது மிகச் சாதாரணம். அடுத்தடுத்து நாலைந்து முறை நீட்டினாலே தசை தளர்ந்து எண் குறைந்துவிடும். அதைவிட முக்கியமாக, சிறுநீர்த் தொற்று, மலச்சிக்கல், படுக்கைப் புண், சதைக்குள் வளர்ந்த கால் நகம், தோள் வலி, குளிர் ஆகிய எதுவும் இறுக்கத்தைக் கூட்டக்கூடும். எனவே டோன் ஏறியிருப்பதைக் கண்டால், இறுக்கத்தைக் குறைக்கும் மாத்திரையின் அளவைக் கூட்டச் சொல்லுமுன் இவற்றுள் ஏதேனும் இருக்கிறதா என்று பாருங்கள். எதுவும் இல்லாவிட்டாலும் கலங்க வேண்டியதில்லை, பக்கவாதத்துக்குப் பிந்தைய முதல் மாதங்களில் வலுவும் இறுக்கமும் ஒன்றாகவே ஏறுவது உண்டு.

ஆஷ்வொர்த் எண் ஒரு கேள்விக்கு மட்டும் விடை சொல்லாது: கை நீளாமல் இருப்பது நரம்பின் தூண்டுதலாலா, தசையே சுருங்கிக் குறுகிவிட்டதாலா? இதற்கு டார்டியு முறை உதவுகிறது. கணுக்காலை எடுத்துக்கொள்வோம். முதலில் மிக மெதுவாகப் பாதத்தை மேல்நோக்கி மடக்கி, எங்கே நிற்கிறது என்று கோணமானியால் அளக்கிறோம். பிறகு இயன்றவரை வேகமாக மடக்கி, எங்கே பிடிக்கிறது என்று குறிக்கிறோம். மெதுவாகச் செய்தபோது செங்கோணத்தைத் தாண்டி மேலே வந்த பாதம், வேகமாகச் செய்தபோது அதற்கு வெகு முன்பே பிடித்துக்கொண்டால், பெரும்பகுதி நரம்புவழி இறுக்கம்; பாக்லோஃபென், டிசானிடின் போன்ற மாத்திரைகளும் பொட்டுலினம் நச்சு ஊசியும் பயன் தர வாய்ப்புண்டு. இரண்டு வேகத்திலும் ஏறத்தாழ ஒரே இடத்தில் நின்றால் தசை குறுகிவிட்டது. அதற்கு ஊசி போடுவதில் பெரிய பயன் இல்லை, நீட்டல் பயிற்சி, ஸ்பிளிண்ட் (மூட்டை நீட்டி வைக்கும் தாங்கி), மாவுக்கட்டு என்று வேறு வழி பார்க்க வேண்டும். ஊசிக்குச் செலவு செய்யுமுன் இந்த இரண்டு கோணங்களையும் எழுதித் தரச் சொல்லுங்கள்.

எல்லா இறுக்கமும் எதிரியல்ல. தொடையின் முன்தசை இறுகியிருப்பதால்தான் சிலரால் முழங்கால் மடங்காமல் நிற்க முடிகிறது. அவர்களுக்கு இறுக்கத்தை மருந்தால் முழுவதும் நீக்கினால், அடியில் உள்ள பலவீனம் வெளிப்பட்டு நிற்பதும் போய்விடும். ஆகவே எண்ணைக் குறைக்கச் சொல்லாமல், சட்டை மாட்டுவது, உள்ளங்கையைக் கழுவுவது, குதிகால் தரையில் பதிவது என்று எந்தக் காரியம் தடைபடுகிறதோ அதைச் சொல்லிக் கேளுங்கள். பாக்லோஃபென் தொடங்கியிருந்தால், தூக்கம் வருகிறது என்று நீங்களாகத் திடீரென நிறுத்திவிட வேண்டாம். வலிப்பும் மனக்குழப்பமும் வரக்கூடும். மருத்துவர் சொல்லும்படி படிப்படியாகத்தான் குறைக்க வேண்டும்.

உங்கள் பின்தொடைக்கு எழுதிய 'கிரேடு 2' முற்றிலும் வேறு கணக்கு. அது தசையின் நார்கள் எவ்வளவு கிழிந்தன என்பதைக் குறிக்கிறது. வழக்கமான மூன்று தரங்களில் 1 என்றால் சில நார்கள் மட்டும், 2 என்றால் பகுதிக் கிழிவும் வலுக்குறைவும், 3 என்றால் முழுக் கிழிவு. பிரிட்டிஷ் தடகள அமைப்பு 2014-இல் வெளியிட்ட வேறொரு வகைப்பாடு 0 முதல் 4 வரை போவதால், எந்த முறை என்று கேட்டுக்கொள்ளுங்கள். சாதாரணமாக நடக்கும்போது வலி அடங்கி, எதிர்ப்புக் கொடுத்து முழங்காலை மடக்கும்போதும் வலிக்காத நிலை வரும்வரை நீங்கள் தனியாக அவரைத் தூக்கக் கூடாது.

தந்தையாரின் பலவீனமான காலில் கெண்டைச்சதை திடீரென்று வீங்கி, சூடாகி, வலித்தால் அதைத் தசைப்பிடிப்பு என்று எண்ணித் தைலம் தேய்க்க வேண்டாம். அசையாத காலில் ஆழ்சிரைக்குள் இரத்தம் உறைந்திருக்கக்கூடும். அன்றைக்கே மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள்.