மகள் கிளாரினெட் என்கிறாள், பெரியப்பா மெடிக்கல் என்கிறார்

போன வாரம் சுங்கை சிப்புட்டில் ஒரு குடும்பம் மகளின் மேற்படிப்பு பற்றிக் கேட்க என்னைப் பார்க்க வந்தது. அப்பா செம்பனை ஆலையில் லோரி ஓட்டுகிறவர், அம்மா கல்யாணத்துக்கு முன்பு வரை ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர், மகள் ஐந்தாம் படிவம். பள்ளி பேண்டில் நாலு வருஷமாகக் கிளாரினெட் வாசிக்கிறாள், எஸ்பிஎம் பரீட்சை முடிந்ததும் அதையே படிக்கப் போகிறேன் என்கிறாள். கிள்ளானில் இருக்கும் பெரியப்பாவோ தனியார் கல்லூரியில் மெடிக்கல் சேர்த்தே ஆகணும், நம்ம குடும்பத்துல ஒரு டாக்டர் வேணாமா என்று தினமும் போன் போடுகிறார். நானும் முதலில் "பயப்படாதீங்க அண்ணே, இன்னும் நேரம் இருக்கு" என்றுதான் ஆரம்பித்தேன். அப்புறம் அந்த அப்பா பையிலிருந்து இபிஎஃப் சேமநிதிக் கணக்குத் தாளையும் வீட்டுப் பத்திரத்தையும் எடுத்து மேசையில் வைத்தார். அதைப் பார்த்த பிறகு எனக்கு ஆறுதல் பேச்சு வரவில்லை. அவரிடம் சொன்னதை இங்கேயும் எழுதுகிறேன்.

அண்ணே, முதலில் அந்தப் பத்திரத்தை மடித்து உள்ளே வையுங்கள். தனியார் மெடிக்கல் என்றால் ஐந்து வருஷம், 3 லட்சம் ரிங்கிட்டுக்கு மேல். படித்து முடித்தால் அரசாங்க ஆஸ்பத்திரியில் நிரந்தர வேலை என்பதெல்லாம் பழைய கதை, 2016 கடைசியிலிருந்து புது டாக்டர்களை ஒப்பந்தத்தில்தான் எடுக்கிறார்கள், 2021-ல் அவர்கள் வேலைநிறுத்தம் செய்ததைப் பேப்பரில் பார்த்திருப்பீர்கள். டாக்டர் படிப்பை நான் குறைத்துப் பேசவில்லை, அதில் உயிராக இருக்கும் பிள்ளைக்குக் கடன்பட்டாவது வழி தேடலாம். உங்கள் மகளைக் கேட்டேன். "உயிரியல் பரீட்சைக்காகப் படிக்கிறேன் சார், கிளாரினெட் பரீட்சை இல்லாட்டியும் ஊதுறேன்" என்றாள். அவளுக்காக இபிஎஃப்பைக் கரைக்க நான் சம்மதிக்க மாட்டேன். பெரியப்பா கேட்டால் என் பெயரைச் சொல்லுங்கள்.

எஸ்டிபிஎம், மெட்ரிகுலேஷன், பாலிடெக்னிக் பற்றி எல்லா வீட்டிலும் பேசுகிறார்கள், அதை விடுகிறேன். யாரும் பேசாததைச் சொல்கிறேன்.

நீங்கள் பேசிக்கொண்டிருந்தபோது அவள் வலது கட்டைவிரலைத் தடவிக்கொண்டே இருந்தாள், கவனித்தீர்களா? அங்கே ஒரு காய்ப்பு இருக்கிறது. ஏறக்குறைய 800 கிராம் வாத்தியத்தை அந்த ஒரு விரல்தான் தாங்குகிறது. அவள் அம்மாவின் கையில் மரம் வெட்டி விழுந்த காய்ப்புக்கும் இதற்கும் பெரிய வித்தியாசம் எனக்குத் தெரியவில்லை. இது கைத்தொழில் அண்ணே. நாதஸ்வரத்துக்குச் சீவாளி போல இதற்கு ரீட், ஆனால் ஒற்றைத் தட்டை. பத்து ரீட் உள்ள பெட்டி வாங்கினால் நன்றாகப் பேசுவது மூன்றோ நாலோதான், நம்ம ஊர் ஈரத்தில் அதுவும் வளைந்துவிடும், உலர்த்தி, தேய்த்து, மாற்றி மாற்றிப் பழக்க வேண்டும். புல்லாங்குழலில், சாக்ஸஃபோனில் காற்றை அழுத்தினால் சுரம் ஒரு ஸ்தாயி மேலே போகும், கிளாரினெட்டில் அதையும் தாண்டிப் பன்னிரண்டாம் சுரத்துக்குத் தாவும். அதனால் கீழ்ச் சுரங்களுக்கு விரல் வைக்கும் முறை ஒன்று, மேல் சுரங்களுக்கு இன்னொன்று. அந்தத் தாவல் பிசிறில்லாமல் வருவதற்கே வருஷங்கள் ஆகும். உங்கள் மகளுக்கு இப்போதே வருகிறது.

இனி கசப்பானதையும் கேளுங்கள். ஒரு முழு இசைக்குழுவில் கிளாரினெட் நாற்காலி இரண்டிலிருந்து நாலுதான். கோலாலம்பூர் இரட்டைக் கோபுரத்துக்குள் 1998 முதல் வாசிக்கும் மலேசிய பில்ஹார்மோனிக் குழுவிலும் யாராவது விலகினால்தான் இடம். ஆள் எடுக்கும் தேர்வில் மோட்சார்ட் 1791-ல் எழுதிய கிளாரினெட் கான்செர்ட்டோவைத்தான் பெரும்பாலும் முதலில் கேட்பார்கள், உலகம் முழுக்க அதே கேள்வி, பல இடங்களில் திரைக்குப் பின்னால் நின்று வாசிக்க வேண்டும். நாற்காலி கிடைத்தால் சந்தோஷம். அதை மட்டும் நம்பிப் போக விடமாட்டேன்.

நான் சொல்லும் வழி தஞ்சோங் மாலிமில் இருக்கும் உப்சி, அதாவது சுல்தான் இட்ரிஸ் கல்விப் பல்கலைக்கழகம். தமிழ் ஆசிரியராகப் போகும் பிள்ளைகள் படிக்கும் அதே உப்சிதான், அங்கே இசைக்கும் மேடைக் கலைகளுக்கும் தனிப் புலம் இருப்பது நம் ஆட்கள் பலருக்குத் தெரியாது. இசைக் கல்வி எடுத்தால் கிளாரினெட் அவளுடைய முதன்மை வாத்தியமாக இருக்கும், கூடவே வகுப்பெடுக்கவும் பேண்டை நடத்தவும் கற்றுக்கொள்வாள். வாசிப்பு மட்டும் போதும் என்றால் செர்டாங்கில் புத்ரா பல்கலைக்கழகம். இரண்டும் அரசாங்கப் பல்கலைக்கழகங்கள், உங்கள் வீட்டுப் பத்திரத்துக்கு அங்கே வேலை இல்லை. முடித்த பிறகு ஆசிரியர் வேலைக்கு நேர்காணல் உண்டு, தானாக வராது. ஆனால் பள்ளி பேண்டுகளுக்குப் பயிற்சி கொடுப்பது, வீட்டில் மாணவர்கள், வார இறுதிக் கச்சேரி, இதற்கு மேல் வாத்தியம் பழுது பார்ப்பது என்று வேறு வழிகளும் உண்டு. இந்தக் கடைசி வேலையைச் சும்மா நினைக்காதீர்கள். நான் போகும் பள்ளிகளில் அலமாரி நிறைய கிளாரினெட் கிடக்கிறது, ஓட்டையை மூடும் சின்ன மெத்தை கிழிந்திருக்கும், ஸ்பிரிங் போயிருக்கும், தக்கை உதிர்ந்திருக்கும், சரிசெய்ய ஆளில்லை. இதைக் கற்று வைத்திருக்கும் வாசிப்பாளர் சும்மா உட்கார மாட்டார்.

"பேண்டு வாசிக்கப் போறியா" என்று சொந்தக்காரர்கள் கேட்டால், திருச்சி ஏ.கே.சி. நடராஜன் பெயரைச் சொல்லுங்கள். இதே கிளாரினெட்டில் கர்நாடக சங்கீதம் வாசித்து 2008-ல் சங்கீத கலாநிதி, 2022-ல் பத்மஸ்ரீ வாங்கியவர். அது வேறு பாதை, வேறு பயிற்சி, என்றாலும் வாத்தியம் நமக்கு அந்நியம் இல்லை.

செலவில் ஒரு கண்டிப்பு. மர கிளாரினெட் இப்போது வேண்டாம், நல்லது பத்தாயிரம் ரிங்கிட்டுக்கு மேல், பின்னாளில் சுருதி வேறுபட்ட இரண்டு தேவைப்படும். பள்ளியின் பிளாஸ்டிக் வாத்தியமே தேர்வு வரை தாங்கும். வாயில் வைத்து ஊதும் முனையான நல்ல மௌத்பீஸ் ஒன்று, மாதம் ஒரு பெட்டி ரீட், ஈப்போவில் வாரம் ஒரு வகுப்பு, இவ்வளவுதான் உங்கள் பங்கு.

வரும் சனிக்கிழமை மகளைக் கிளாரினெட்டோடு கூட்டிக்கொண்டு வாருங்கள், அரசாங்கப் பல்கலைக்கழகங்களுக்கான யுபியு விண்ணப்பத்தில் எந்தப் படிப்பை முதலில் போடுவது என்று அன்றைக்கே எழுதிவிடுவோம். பெரியப்பாவும் வரட்டும், அவள் வாசிப்பதை அவர் இதுவரை ஒருமுறைகூடக் கேட்டதில்லையாம்.